நிழல் இல்லாத வெளிச்சம்



ஆண்டுதோறும் நடக்கும் இந்தச் சொற்பொழிவுக்கு, உலகில் ஒருவர்கூடப் பின்பற்றாத ஒரு தத்துவத்தை எடுத்துக்கொண்டு வந்திருக்கிறேன். அதற்கு எந்த ஊரிலும் மடம் இல்லை. அதன் குருமார்கள் யாரும் பிறக்கவே இல்லை. அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா கே. லெ குவின் 1969இல் வெளியிட்ட 'தி லெஃப்ட் ஹேண்ட் ஆஃப் டார்க்னெஸ்' என்ற நாவலுக்குள் மட்டும் அது உயிரோடிருக்கிறது. பெயர் ஹந்தாரா, இருட்டைப் போற்றும் மரபு. அதே நாவலில் அதற்கு எதிர்க்கட்சியும் உண்டு. யோமெஷ் என்ற அந்தச் சமயம் ஒளியை மட்டுமே ஏற்கும், இருட்டு என்று ஒன்று கிடையவே கிடையாது என்று சாதிக்கும்.

கதையில் வரும் தத்துவத்தைத் தத்துவத் துறை மேடையில் பேசலாமா என்று சிலர் நினைக்கலாம். பிளேட்டோவின் குகையில் சங்கிலியால் பிணைக்கப்பட்டுக் கிடந்தவர்களும் கற்பனை மனிதர்கள்தாம். அவர்களைப் பற்றி இருபத்துநான்கு நூற்றாண்டுகளாகப் பேசிக்கொண்டுதான் இருக்கிறோம். ஒரு வேறுபாடு உண்டு. குகைக் கைதிகளுக்குச் சாப்பாடு யார் போட்டார்கள் என்று பிளேட்டோ சொல்லத் தேவையில்லை. நாவலாசிரியர் சொல்லியாக வேண்டும். தான் கற்பித்த தத்துவத்துக்குச் சோறு, குளிர், பாதை, பகைவர் எல்லாவற்றையும் அவர் கொடுக்க வேண்டும். கொடுத்தபின் அந்தத் தத்துவம் தன் காலில் நிற்கிறதா என்று பார்க்கலாம். ஒளியையும் பார்வையையும் பற்றிய கற்பனை மரபுகளில் எனக்குத் தெரிந்து அந்தச் சோதனையில் நன்றாகத் தேறியது ஹந்தாராதான். அதற்கு முன் இரண்டு மூத்த கதைகளைப் பார்த்துவிடுகிறேன்.

எச்.ஜி. வெல்ஸ் 1904இல் எழுதிய 'பார்வையற்றோர் நாடு' கதையை உங்களில் பலர் படித்திருப்பீர்கள். ஈக்வடார் நாட்டு ஆண்டிஸ் மலையில் நிலச்சரிவால் வெளியுலகத் தொடர்பு அறுந்த ஒரு பள்ளத்தாக்கு. பதினான்கு தலைமுறைகளாக அங்கே யாருக்கும் கண் தெரியாது. மலையேற வந்த நூனெஸ் தவறி அங்கே விழுகிறான். கண் உள்ளவன் இங்கே ராஜா என்று நினைத்துக்கொண்டு ஊருக்குள் நுழைகிறான். கடைசியில் ஊரிலேயே மந்தமானவன் என்று பெயர் வாங்குகிறான்.

வெல்ஸின் திறமை அந்த ஊரைக் கட்டியிருக்கும் விதத்தில் இருக்கிறது. வீடுகளுக்கு ஜன்னல் இல்லை. சுவர்ப் பூச்சில் கண்டபடி நிறங்கள். பாதைகள் ஒன்றுக்கொன்று மாறாத கோணத்தில் பிரிகின்றன; ஒவ்வொரு பாதையின் ஓரக்கல்லிலும் தனித்தனி வெட்டு அடையாளம். வெயில் காயும் நேரம் தூங்குவதற்கு, குளிரும் நேரம் வேலைக்கு. இந்த வாழ்க்கையிலிருந்து முளைத்ததுதான் அவர்களுடைய அண்டவியல். உலகம் ஒரு குழிந்த பாறை. அதற்கு மேலே தொட்டால் வழவழப்பாக இருக்கும் ஒரு கல் கூரை. பனி அதிலிருந்துதான் சொட்டுகிறது. பாட்டும் சிறகடிப்பும் காதில் விழும், ஆனால் கைக்கு அகப்படாத தேவதூதர்கள் உண்டு என்கிறார்கள். அவர்கள் சொல்வது பறவைகளைத்தான் என்று நூனெஸுக்குப் புரியக் கொஞ்ச நேரம் ஆகிறது. தோலும் காதும் கொடுத்த செய்திகளை வைத்துக்கொண்டு இதைவிட ஒழுங்கான அண்டவியலை யாரும் கட்ட முடியாது. அவனுடைய பிதற்றலுக்குக் காரணம் முகத்தில் துடித்துக்கொண்டிருக்கும் அந்த இரண்டு மெல்லிய உருண்டைகள்தாம், எடுத்துவிட்டால் குணமாகிவிடும் என்று ஊர் வைத்தியர் சொல்வதும் அந்த ஒழுங்குக்குள் நியாயமான முடிவே.

ஐசக் அசிமோவின் 'நைட்ஃபால்' 1941இல் வந்தது. எழுதியபோது அவருக்கு 21 வயது. லகாஷ் என்ற கோளுக்கு ஆறு சூரியன்கள். அங்கே இரவு கிடையாது. 2,049 ஆண்டுகளுக்கு ஒருமுறை கிரகணத்தால் இருட்டு வருகிறது, மக்களுக்குப் பித்துப் பிடிக்கிறது, நாகரிகம் எரிந்து சாம்பலாகிறது. அதில் ஒரு சிறு காட்சிதான் எனக்கு மிகவும் பிடித்தது. நட்சத்திரம் என்று பழைய சமய நூல் சொல்வது என்னவாக இருக்கும் என்று அறிய இரண்டு இளைஞர்கள் ஓர் அறை முழுக்கக் கறுப்பு வெல்வெட் துணி அடித்து, கூரையில் துளைகள் போட்டு, அதற்குள் உட்கார்ந்து பார்க்கிறார்கள். ஒன்றும் ஆகவில்லை என்று ஏமாற்றத்தோடு வெளியே வருகிறார்கள். ஆய்வு முறையில் குற்றம் சொல்ல முடியாது. ஆனால் வெளியே உண்மையான வானம் திறந்தபோது அந்தத் துளைகள் எந்த உதவிக்கும் வரவில்லை. அசிமோவின் கதை இருட்டை அச்சமாக மட்டுமே வைத்திருக்கிறது. அதற்குமேல் அதனிடம் தத்துவம் கேட்பது நியாயமில்லை. டோல்கீனின் 'சில்மரில்லியன்' நூலில் சூரியனுக்கும் மூத்த ஒளி இரண்டு மரங்களிலிருந்து கசிகிறது, அதைக் கண்டவர்கள் மேன்மக்கள், காணாதவர்கள் இருளினர். அழகான தொன்மம். ஆனால் அங்கே ஒளியை யாரும் கேள்வி கேட்பதில்லை, பாடுகிறார்கள்.

இனி லெ குவின். 1929இல் பெர்க்லியில் பிறந்தவர். தந்தை ஆல்ஃபிரட் குரோபர் பெயர்பெற்ற மானிடவியலாளர். தாய் தியடோரா குரோபர், தம் இனத்தின் கடைசி மனிதராக எஞ்சிய இஷியின் வரலாற்றை எழுதியவர். பிற மக்களின் நம்பிக்கைகளைக் குறிப்பேட்டில் எழுதிவைப்பது அந்த வீட்டில் அன்றாடத் தொழில். தந்தையின் அலமாரியில் இருந்த லாவோ ட்ஸுவின் 'தாவோ தே ஜிங்' நூலைச் சிறுவயதிலேயே படித்து, வாழ்நாள் முழுதும் கைவிடாமல் வைத்திருந்து, 1997இல் தம் ஆங்கில வடிவத்தையும் வெளியிட்டார். ஹந்தாராவின் வேர் அங்கே இருக்கிறது என்பதில் ஐயமில்லை.

நாவல் நடக்கும் கோள் கெத்தன், முழுவதும் பனியுகத்தில் இருக்கிறது. அங்குள்ள மனிதர்கள் நிலையாக ஆணும் இல்லை, பெண்ணும் இல்லை. இந்த நாவலைப் பற்றி எழுதப்பட்டதில் பெரும்பகுதி இதைப் பற்றியதுதான். ஆகவே அதை இன்று விட்டுவிடுகிறேன். வெளியுலகக் கூட்டமைப்பின் தூதராகத் தனியாக வந்திறங்கும் ஜென்லி ஐ, கார்ஹைட் என்ற முடியாட்சி நாட்டில் முதலில் இருக்கிறார். பிறகு ஆர்கோரைன் என்ற அதிகாரிகளின் நாட்டுக்குப் போகிறார். கார்ஹைடின் மரபு ஹந்தாரா. ஆர்கோரைனில் அரசு ஏற்ற சமயம் யோமெஷ்.

ஹந்தாராவுக்குக் கோயில் இல்லை, பூசாரி இல்லை, உறுதியான கோட்பாடும் இல்லை. மலையடிவாரங்களில் மடங்கள் உண்டு; வருகிறவர் ஓரிரவு தங்கலாம், ஆயுள் முழுதும் தங்கலாம். அங்கே நடக்கும் பயிற்சி கற்றதைக் கைவிடுவது. எதையாவது பற்றிக் கவலைப்பட்டுக் கேட்டால், பரவாயில்லை என்ற பொருளில் 'நுசுத்' என்று ஒரு சொல் சொல்வார்கள். இதே சோம்பேறி மடங்களில்தான் கோளிலேயே நம்பகமான குறிசொல்லிகள் இருக்கிறார்கள். ஒன்பது பேர் வட்டமாக உட்கார்ந்து, நடுவில் உள்ளவர் மற்றவர்களின் மன ஓட்டத்தை நெய்து, கேட்ட கேள்விக்கு விடை சொல்வார். விடை தப்பாது. கட்டணம் உண்டு, கொடுக்க முடிகிறவரிடம் அதிகம். ஐந்து ஆண்டுகளுக்குள் இந்தக் கோள் கூட்டமைப்பில் சேருமா என்று ஜென்லி கேட்கிறார். சேரும் என்று விடை வருகிறது.

இவ்வளவு துல்லியமாகச் சொல்ல முடிந்தவர்கள் அதை வைத்து நாட்டையே ஆளலாமே என்று அவர் வியக்கிறார். மடத்தின் நெசவாளரான ஃபாக்ஸே தரும் விளக்கம்தான் ஹந்தாராவின் மையம்: தவறான கேள்விக்குச் சரியான விடையை அறிந்துகொள்வது எவ்வளவு வீண் என்று காட்டத்தான் இந்தக் கலையை வளர்த்தார்கள். நாவல் அதை ஒரு பழங்கதையாகவும் சொல்கிறது. பெரோஸ்தி என்ற பிரபு, தான் எந்த நாளில் சாவேன் என்று கேட்கிறார். பத்தொன்பதாம் தேதி என்று விடை வருகிறது. எந்த மாதம், எந்த ஆண்டு? கேள்வியில் அது இல்லை. அவர் அறையைச் சாத்திக்கொண்டு ஒவ்வொரு பத்தொன்பதுக்கும் நடுங்குகிறார். அதைப் பொறுக்காத அவருடைய இணையர் ஹெர்போர், தம் உயிரையே கட்டணமாக வைத்து, பெரோஸ்தி எவ்வளவு காலம் வாழ்வார் என்று கேட்கிறார். 'ஹெர்போரைவிட அதிகக் காலம்' என்கிறார்கள். இதையா கேட்டு வந்தாய் என்ற வெறியில் பெரோஸ்தி ஹெர்போரை அடித்தே கொன்றுவிடுகிறார். பித்தேறி, பின் ஒரு பத்தொன்பதாம் தேதி தூக்கில் தொங்குகிறார். இரண்டு விடையும் பலித்துவிட்டன.

யோமெஷ் பிறந்ததும் இப்படி ஒரு கேள்வியில்தான். ஷோர்த் பிரபு ஒரு குழுவைக் கட்டாயப்படுத்தி, வாழ்வின் பொருள் என்ன என்று கேட்டார். நாள் கணக்கில் அமர்ந்து, வட்டத்தில் சிலர் செத்தார்கள், சிலர் மரம்போல் ஆனார்கள், பிரபுவும் கொலையுண்டார். நடுவில் நெசவாளராக இருந்தவர் மெஷே. அந்தக் கணத்தில் அவர் எல்லாவற்றையும் கண்டுவிட்டார் என்பது யோமெஷ் மக்களின் நம்பிக்கை. நடந்தது, நடப்பது, நடக்கப்போவது எல்லாம் அவர் பார்வையில் ஒரே வெளிச்சத்தில் கிடக்கின்றன. இருட்டு என்று நாம் சொல்வது நம் கண்ணின் கோளாறு. இருட்டைக் கும்பிடுகிறவர்கள் இல்லாத ஒன்றுக்குப் பெயர் வைத்து ஏமாறுகிறவர்கள் என்று அவர்களுடைய வேதம் ஹந்தாராவைப் பெயர் சொல்லாமல் வைகிறது.

இந்த இடத்தில் இந்தியத் தத்துவம் படித்தவர்களுக்கு ஒரு பழைய வழக்கு நினைவுக்கு வரும். இருள் ஒரு பொருளா, பொருளின்மையா? குமாரிலர் வழி வந்த மீமாம்சகர்கள் அதைத் திரவியம் என்றார்கள்: அதற்குக் கருமை என்ற நிறம் இருக்கிறது, நிழல் நகரும்போது அதுவும் நகர்கிறது. நையாயிகர்கள் மறுத்தார்கள். விளக்கு நகர்கிறது, நிழல் நகர்வதாகத் தோன்றுகிறது. ஒளியின் இன்மைதான் இருள் என்றார்கள். மேலோட்டமாகப் பார்த்தால் யோமெஷ் நையாயிகர் பக்கம். உண்மையில் இல்லை. நையாயிகர் இருளைப் பொருள் அல்ல என்று சொன்னாலும் இன்மை என்பதையே ஒரு பதார்த்தமாக ஏற்றவர்கள். யோமெஷ் இன்மைக்கும் இடம் தர மறுக்கிறது. சைவ சித்தாந்தம் படித்தவர்கள் இன்னும் ஒன்று கேட்பார்கள். பதினான்காம் நூற்றாண்டில் உமாபதி சிவம் 'திருவருட்பயன்' நூலில், இருட்டு பிற பொருள்களை மறைத்தாலும் தன்னையாவது காட்டும், ஆணவமோ தன்னையும் காட்டாது என்று பிரித்துச் சொன்னார். மறைப்பதிலேயே இரண்டு தரம். ஹந்தாராவின் இருட்டு முதல் தரம்: தெரியவில்லை என்று தெரிந்திருப்பது. யோமெஷ் சொல்லும் முழு வெளிச்சம் இரண்டாம் தரத்தில் போய் விழக்கூடியது. லெ குவின் உமாபதியைப் படித்ததாகச் சான்று இல்லை, தேவையும் இல்லை. ஒரே கேள்வியை வெவ்வேறு வாசலில் தட்டியிருக்கிறார்கள், அவ்வளவுதான்.

நாவலாசிரியர் என்பதால் லெ குவின் வாதத்தோடு நிறுத்த முடியாது. ஆர்கோரைனின் தலைநகருக்கு ஜென்லி வந்ததும் எல்லாம் அவருக்குப் பிடித்துப்போகிறது. வெந்நீர் வருகிறது, தெரு சுத்தம், அதிகாரிகள் மரியாதை தெரிந்தவர்கள். ஆனாலும் அவர்களிடம் ஏதோ ஒரு கனம் குறைவதாக அவருக்குப் படுகிறது. நிழல் விழாத மனிதர்களைப் போல் இருக்கிறார்கள் என்று எண்ணிக்கொள்கிறார். சில நாளில் அதே அரசின் இரகசியப் போலீஸ் அவரைப் பிடித்து, ஜன்னலில்லாத இரும்பு லாரியில் வேறு பல கைதிகளோடு அடைத்து முகாமுக்கு அனுப்புகிறது. இருட்டே இல்லை என்று சொல்லும் நாட்டில் மனிதர்கள் கும்மிருட்டில் பயணம் போகிறார்கள். இதை லெ குவின் அடிக்கோடிட்டுச் சொல்லாமல் விட்டிருப்பது நல்லது.

முகாமிலிருந்து ஜென்லியை மீட்பவர் எஸ்திராவென், கார்ஹைடின் முன்னாள் பிரதமர், ஹந்தாரா பயிற்சி பெற்றவர். இருவரும் ஒரு சறுக்குவண்டியை இழுத்துக்கொண்டு கோப்ரின் பனிப்பாளத்தைக் கடந்து, ஏறத்தாழ 800 மைல் நடக்கிறார்கள். கூடாரம், சிறு அடுப்பு, எடை போட்டு அளந்த உணவு. தென்துருவப் பயணிகளான ஸ்காட், ஷேக்கிள்டன் ஆகியோரின் நூல்களில் லெ குவின் ஊறியவர். அது ஒவ்வொரு பக்கத்திலும் தெரிகிறது.

பயணத்தின் பிற்பகுதியில் அவர்கள் ஒரு விசித்திரமான வானிலைக்குள் மாட்டுகிறார்கள். பனிப்புயல் இல்லை, இருட்டு இல்லை. நல்ல பகல். ஆனால் சூரியன் இல்லை, வானம் இல்லை, தொடுவானம் இல்லை, எல்லாத் திசையிலும் ஒரே வெண்மை. காலடியில் நிழல் விழவில்லை. அடுத்த அடி மேடா பள்ளமா தெரியவில்லை. பிளவுகள் எங்கே திறந்து கிடக்கின்றன என்று கண்டுபிடிக்க வழியில்லை. எஸ்திராவென் ஒருமுறை பிளவுக்குள்ளேயே விழுந்து, வண்டியோடு பிணைத்த வாரில் தொங்கி, மீட்கப்படுகிறார். நடையை நிறுத்திவிட்டுக் கூடாரத்துக்குள் உட்காருகிறார்கள். நடக்க வெளிச்சம் மட்டும் போதாது, நிழலும் வேண்டியிருக்கிறது என்ற பொருளில் எஸ்திராவென் ஒரு பேச்சுப் பேசுகிறார். வியாக்கியானமாக இல்லை, எரிச்சலோடு, வழி மறிபட்ட ஆளின் பேச்சாக. ஜென்லி அவருடைய குறிப்பேட்டை வாங்கி, பூமியில் சீனர்கள் வரையும் கறுப்பு வெள்ளை வட்டத்தை வரைந்து காட்டுகிறார்.

வாதத்தின் தீர்ப்பு இங்கே பாதத்துக்கு வந்து சேர்கிறது. யோமெஷ் வாக்களித்த நிழலற்ற முழு வெளிச்சம் அவர்களுக்குக் கிடைத்துவிட்டது. அதில் ஒரு முழம்கூட நகர முடியவில்லை.

இது வெறும் கற்பனை அல்ல. புதிதாக விழுந்த பனி தன்மேல் படும் ஒளியில் 80 முதல் 90 விழுக்காட்டைத் திருப்பி அனுப்புகிறது. மேலே சீரான மேகம் இருந்தால் அது மறுபடி கீழே அனுப்புகிறது. இப்படி மேலும் கீழும் மோதி ஒளி எல்லாப் பக்கமிருந்தும் ஒரே அளவில் வரும்போது நிழல் அழிந்துபோகிறது. காற்று தெளிவாகத்தான் இருக்கும்; பக்கத்தில் ஒரு கறுப்புப் பெட்டி கிடந்தால் பளிச்சென்று தெரியும். தரை மட்டும் தெரியாது. 1979 நவம்பர் 28இல் நியூசிலாந்திலிருந்து அண்டார்டிகாவைச் சுற்றிக்காட்டக் கிளம்பிய விமானம் எரிபஸ் மலையில் மோதி 257 பேர் இறந்தார்கள். பயணத் தடத்தின் எண்கள் விமானிகளுக்குச் சொல்லாமல் மாற்றப்பட்டிருந்தன. அதோடு அவர்கள் கண்ணெதிரே இருந்த வெள்ளைச் சரிவு மேகத்தோடு கலந்து, தொலைதூரம் நீளும் சமவெளிபோல் தோன்றியிருக்க வேண்டும் என்று விசாரணை ஆணையம் கூறியது. மலை இருந்தது, வெளிச்சமும் இருந்தது.

ஆய்வகத்திலும் இதைச் செய்து பார்க்கலாம். 1930 வாக்கில் ஜெர்மன் உளவியலாளர் வோல்ஃப்காங் மெட்ஸ்கர், வேறுபாடே இல்லாத ஒரே சீரான ஒளிப்பரப்பைப் பார்க்கவைத்தால் கண் என்ன செய்கிறது என்று ஆராய்ந்தார். இன்று மேஜைப்பந்தை இரண்டாக வெட்டிக் கண்மேல் வைத்து, எதிரே விளக்கைப் போட்டே அந்தச் சோதனையைச் செய்கிறார்கள். சிறிது நேரத்தில் நிறம் மங்குகிறது. சிலருக்குக் கண் திறந்திருக்கிறதா மூடியிருக்கிறதா என்பதே தெரியாமல் போகிறது. 1950களில் இன்னொரு வகைச் சோதனை: கண் அசையும்போது படமும் கூடவே அசையும்படி செய்து, விழித்திரையில் ஒரே இடத்தில் நிறுத்தினார்கள். சில நொடிகளில் படம் மறைந்துவிட்டது. நம் கண் ஓயாமல் நுண்ணிய நடுக்கத்தில் இருப்பதால்தான் எதிரில் உள்ள சுவர் நமக்கு நிலைத்துத் தெரிகிறது. கண் அளப்பது ஒளியின் அளவைவிட ஒளி மாறும் இடங்களைத்தான். ஆகவே ஹந்தாரா கவித்துவமாகச் சொன்னதாக நாம் நினைப்பது உடலியலில் சாதாரணச் செய்தி.

இவ்வளவு புகழ்ந்த பிறகு என் குறையையும் சொல்ல வேண்டும். லெ குவின் நடுநிலையாக இல்லை. ஹந்தாராவுக்கு ஃபாக்ஸேயைக் கொடுத்தார், எஸ்திராவெனைக் கொடுத்தார். இருவரும் உலக நாவலில் மறக்க முடியாத மனிதர்கள். யோமெஷுக்குக் கொடுத்தது ஒரு வேதப் பகுதியும் ஒரு போலீஸும். அறிவுள்ள, இரக்கமுள்ள யோமெஷ் அடியார் ஒருவர்கூட மனதில் நிற்கும்படி நாவலில் வரவில்லை. இன்னொன்று: ஹந்தாரா நாடான கார்ஹைடில் மன்னர் பித்தர், புதிய பிரதமர் எல்லைத் தகராறை ஊதிப் போருக்குக் கொண்டுபோகிறார். மடங்கள் என்ன செய்தன? நுசுத். பரவாயில்லை என்று சொல்ல முடிவது மடத்தில் இருப்பவருக்கு எளிது; எல்லைக் கிராமத்தில் ஆடு மேய்ப்பவருக்கு எளிதில்லை. ஒளியைக் கும்பிடுகிறவர் எல்லோரும் அடக்குமுறைக்காரர்களாகவும் இருக்க வேண்டியதில்லை. ஆண்டில் பெரும்பகுதி உறைந்துகிடக்கும் கோளில் பிறந்த ஒருவர், எங்கும் வெளிச்சமும் வெதுவெதுப்பும் உள்ள ஓர் உலகத்தை நம்ப விரும்பினால் அதில் என்ன தவறு?

அப்படிப்பட்ட ஒருவரின் வாயால் யோமெஷைச் சொல்லும் அத்தியாயம் அந்த நாவலில் இல்லை. லெ குவின் 2018இல் காலமாகிவிட்டார். இந்த அரங்கில் எழுதும் கை உள்ள மாணவர் யாராவது அதை எழுதிக் கொண்டுவந்தால், படித்துவிட்டு எதிர்வாதம் செய்ய நான் தயாராக இருக்கிறேன்.